ராக்கு ஏறிய பஸ்

இந்தக் கதையைக் கேட்டு முடித்ததும் யார் மேல் காறித் துப்புவது என்று நீங்கள்தான் முடிவு செய்யவேண்டும். அவசரப்பட்டுத் துப்பிவிடாதீர்கள். பாதியில் ஆள் மாறினாலும் மாறும்.

சாத்தூரில் சோலைராணி என்று ஓர் எழுத்தாளர். டெலிபோன் எக்ஸ்சேஞ்சில் வேலை பார்த்து ஓய்வு பெற்றவள். வாழ்நாளில் எழுதியது ஒரே நாவல், 'சுண்ணாம்புக் காளவாய்'. அதில், சுண்ணாம்புக்கல் சுடும் காளவாயில் வேலை செய்யும் ராக்கு என்ற கூலிக்காரி, புருஷனிடம் அடிபட்டு அடிபட்டு, கடைசியில் ஒருநாள் கட்டிய சேலையோடு பஸ் ஏறிப் போய்விடுகிறாள். அவன் பின்னாலேயே ஓடிவருகிறான். பஸ் நிற்கவில்லை; அவள் திரும்பிப் பார்க்கவும் இல்லை. அவ்வளவுதான் நாவல். அந்தக் கடைசிப் பக்கத்துக்காகவே அதைக் கொண்டாடிய பெண்கள் ஊருக்கு ஊர் இருந்தார்கள்.

பரமகுரு என்ற இளம் இயக்குநர் அதைப் படமாக்க வந்தான். நல்ல பிள்ளை. நாவலில் பாதியை மனப்பாடமாக ஒப்பிப்பான். முடிவில் கை வைக்கமாட்டேன் என்று சத்தியமே செய்தான். ஆனால் கதை விவாதத்துக்கு என்று அவன் கூட்டிவந்த கூட்டம் இருக்கிறதே, அடேயப்பா! காளவாயில் ஒரு குத்துப்பாட்டு வைக்கலாம் என்றது ஒரு வாய். ராக்குவுக்கு ஓர் ஊமைத் தங்கச்சியைச் சேர்த்தால் தியேட்டரே அழும் என்றது இன்னொரு வாய். அடிவாங்கும் காட்சியில் சேலை எவ்வளவு விலகலாம் என்று வடையைக் கடித்துக்கொண்டே பேசினார்கள். சீ, இதுகள் கையிலா கொடுத்தேன் என்று சோலைராணி வீட்டுக்கு வந்ததும் தலைக்குத் தண்ணீர் ஊற்றிக்கொண்டாள். பரமகுரு மறுநாளே அந்தக் கூட்டத்தைக் கலைத்துவிட்டான்.

பெரிய நடிகர் ஒருவர் இல்லாமல் படம் நகராது. புருஷன் வேடத்துக்கு ஆதவராஜைக் கேட்டார்கள். அவர் புத்தகம் படிக்கிறவர் இல்லை. யாராவது வாயால் கதை சொல்ல, கேட்டுத்தான் சம்மதிப்பார். சினிமாவில் அதுதான் வழக்கம். எழுதியவரே வந்து சொல்லட்டும் என்று சொல்லி அனுப்பினார். சோலைராணி பரமகுருவோடு சென்னைக்குப் போய், அவர் வீட்டு சோபாவின் நுனியில் உட்கார்ந்து சொன்னாள். நன்றாகவே சொன்னாள். இரண்டு இடத்தில் நடிகர் கண்ணைத் துடைத்துக்கொண்டார். கடைசியில், புருஷன் ஓடுகிறான், பஸ் போய்க்கொண்டே இருக்கிறது என்றாள். அவர் முகம் சுருங்கிப் போயிற்று. கை செல்போனைத் தேடியது.

அந்த நேரத்தில் சோலைராணிக்கு என்ன கிரகமோ! அதுவரை தன் வாயையே பார்த்துக்கொண்டிருந்த பெரிய மனிதர் முகத்தைத் திருப்பிக்கொள்வது அவளுக்குத் தாங்கவில்லை.

"அப்புறம் பஸ் நிக்குது சார். ராக்கு இறங்கி வர்றா" என்று சொல்லிவிட்டாள்.

நடிகர் எழுந்தே நின்றுவிட்டார். புத்தகத்திலும் இப்படித்தானா என்று கேட்டார். அவள் தலையாட்டினாள். இந்த முடிவுக்காகவே நடிக்கிறேன், பிறகு மாற்றக்கூடாது என்றார். அதற்கும் தலையாட்டினாள்.

காரில் திரும்பும்போது பரமகுரு, "பஸ் நிக்கலாமாம்மா?" என்று மட்டும் கேட்டான். அவரை மடக்குவதற்காகச் சொன்னது, படத்தில் நிற்கவேண்டாம், அவரிடம் நீயே பக்குவமாக எடுத்துச் சொல் என்றாள். அப்படிச் சொன்னபோது தன் வாய் நாறுவது மாதிரி இருந்தது அவளுக்கு. வடை தின்ற வாய்களைவிட இது என்ன ஒசத்தி என்று நினைத்து நினைத்து வழியெல்லாம் அருவருத்துக்கொண்டே வந்தாள்.

சாத்தூருக்கு வெளியே படப்பிடிப்பு தொடங்கியது. ஒருநாள் அன்னக்கொடி என்ற பெண் சோலைராணியைத் தேடி வந்தாள். பக்கத்து ஊரில் தையல்கடை வைத்திருப்பவள். அந்த நாவலைப் படித்துவிட்டுத்தான் புருஷன் வீட்டைவிட்டு வெளியேறியிருந்தாள்.

"சினிமால ராக்கு இறங்கிருவான்னு பேசிக்கிறாங்கம்மா. அவளே திரும்பி வந்துட்டா, உனக்கு என்னடின்னு எங்க அண்ணன் என்னையக் கொண்டுபோய் அங்கயே விட்டுருவாரு" என்றாள். புருஷன் வீட்டில் உடைத்துவிட்ட அவள் மணிக்கட்டு கோணலாகவே கூடியிருந்தது. ராக்கு இறங்கமாட்டாள், என்னை நம்பு என்று சொல்லி சோலைராணி அவளை அனுப்பினாள்.

கடைசிக் காட்சிக்கு நாள் வந்தது. பரமகுரு பயந்துகொண்டு அதுவரை நடிகரிடம் விஷயத்தைச் சொல்லியிருக்கவில்லை. பஸ் நிற்காது என்று அவருக்கு அங்கேதான் தெரிந்தது. அவர் கத்தவில்லை. நேராக சோலைராணியிடம் வந்து கும்பிட்டார்.

"உங்க வாயால கேட்டுத்தாம்மா வந்தேன். பேச்சை மாத்துறதுன்னா நீங்களே சொல்லிடுங்க, நான் கிளம்புறேன்."

அவர் கிளம்பினால் படம் அத்தோடு சரி. பல வருஷம் இதற்காகவே அலைந்த பரமகுருவை அதன்பின் யாரும் கிட்டே சேர்க்கமாட்டார்கள். அவன் தரையைப் பார்த்துக்கொண்டு நின்றான். பஸ் டிரைவர் இன்ஜினை அணைக்காமல், என்ன செய்ய என்பதுபோல் சோலைராணியைப் பார்த்தார்.

இப்போது நீங்கள் சொல்லுங்கள். நடிகருக்குக் கொடுத்த வாக்கு முந்தியது. அன்னக்கொடிக்குக் கொடுத்தது பிந்தியது. இரண்டையும் காப்பாற்ற வழியில்லை. சோலைராணி எதைக் காப்பாற்றுவது சரி?

விடை: முந்திய வாக்குக்கே முதலிடம் என்று சொன்னவர்கள் ஒன்றைக் கவனிக்கவில்லை. புத்தகத்திலும் இப்படித்தானா என்று நடிகர் கேட்டார்; அவள் தலையாட்டினாள். அது பச்சைப் பொய். பொய்யைக் கட்டிக் காப்பதற்கு வாக்கைக் காப்பது என்று பெயர் வைக்க முடியாது. நடிகருக்கு அவள் செய்யவேண்டிய நியாயம், உண்மையைச் சொல்லி, ஏமாற்றியதை ஒப்புக்கொள்வதுதான். அதை எல்லார் முன்னாலும் செய்தாள். "நான் எழுதினது அது இல்ல சார். உங்க முகம் சுருங்கினதும் பயந்துபோய் இட்டுக்கட்டினேன். தப்பு என்னோடது" என்றாள். நடிகர் கிளம்பிவிட்டார், அவரைக் குறை சொல்ல ஒன்றுமில்லை. படம் நின்றுபோயிற்று. அவள் சொன்னது பொய் என்று அப்போதே தெரிந்தும் நடிகரிடம் சொல்லாமல் இருந்த பரமகுருவுக்கும் இதில் பங்கு உண்டு; ஆனாலும் அவன் இன்றுவரை சோலைராணி முகத்தில் விழிப்பதில்லை. அவளும் அதைத் தப்பென்று சொல்வதில்லை. படம் வராமல் போனதில் அன்னக்கொடிக்குத்தான் ரொம்ப வருத்தம். முதல் நாளே போய்ப் பார்க்க இருந்தாளாம்.