காமுத்தாயின் துரும்பு

"டிக்."

இருபத்திரண்டு வருஷத்துக்கு முன்னால் கேட்ட சத்தத்தை, நாக்கை மேலண்ணத்தில் தட்டிக் காமுத்தாய் செய்து காட்டினாள்.

"அம்புட்டுத்தேன் வக்கீலம்மா. ஊரே மந்தையில கூடி நிக்குது. கைப்பிள்ளைகூட அழுகலை. கூரையில உருவுன சோளத் துரும்பை என்னையக் கட்டுனவன் ஒடிச்சான். டிக்குன்னுச்சு. பாதியை எங்கப்பன் கையில குடுத்தான். எங்கப்பன் வாங்குச்சு. அவனுக்கும் எனக்கும் தீந்துபோச்சு."

இதையெல்லாம் அவள் பத்மாசனியைப் பார்த்துத்தான் சொன்னாள். அறையில் நரைத்த தலை பத்மாசனியுடையது. வருகிறவர்கள் எல்லாருமே அவளைத்தான் பெரிய வக்கீல் என்று நினைத்துக் கும்பிட்டார்கள்.

"வக்கீல் அவங்க," என்று பத்மாசனி மேசைக்கு அந்தப் பக்கம் கை காட்டினாள். "நான் ஜூனியர்."

காமுத்தாய் இருவரையும் மாறி மாறிப் பார்த்தாள். நம்பியதாகத் தெரியவில்லை.

பத்மாசனிக்கு அறுபத்தோரு வயது. பத்திரப் பதிவு அலுவலகத்தில் முப்பத்து நாலு வருஷம் வேலை பார்த்து விருப்ப ஓய்வு பெற்றவள். பிறகு சட்டம் படித்து, குடும்ப நீதிமன்றத்துக்கு எதிரே ஜெராக்ஸ் கடை மாடியில் இருந்த ஞானசௌந்தரியிடம் தொழில் கற்க வந்திருந்தாள். சௌந்தரிக்கு நாற்பத்திரண்டு. அதிகம் பேசமாட்டாள். ஏதாவது கேட்டால் பதிலுக்கு ஒரு வேலையைக் கொடுப்பாள். வேலை முடியும்போது பதில் கிடைத்திருக்கும்; சில சமயம் கேள்வியே காணாமல் போயிருக்கும்.

காமுத்தாயின் சங்கடம் இதுதான். துரும்பு வாங்கிய மறுவருஷம் அவள் சின்னக்கருப்பனைக் கட்டிக்கொண்டாள். ஊர்க் குடிதண்ணீர்த் தொட்டியைத் திறந்துவிடுகிற வேலை அவனுக்கு. பிள்ளை இல்லை. போன மாசியில் அவன் செத்துப்போனான். காரியம் முடிந்த மறுநாள் அவனுடைய அண்ணனும் தம்பியும் வந்து, "நீ வீரணன் பொண்டாட்டி. அவன் உன்னைக் கோர்ட்டுல தீக்கலை. இந்த வீட்டுல உனக்கு என்ன இருக்கு?" என்று கேட்டு, பாத்திரங்களை வாசலில் எறிந்தார்கள். அவள் ஒவ்வொன்றாய்ப் பொறுக்கி மறுபடி உள்ளே வைத்தாள். இரண்டு அறையும் ஒரு ஓட்டுச் சாய்ப்பும் உள்ள வீடு. அதை விட்டால் அவளுக்குப் போக்கிடம் இல்லை.

முதல் புருஷன் வீரணனோ, "நான் துரும்பே குடுக்கலை" என்று சொல்லிக்கொண்டு திரிந்தான். கொழுந்தன்மார் அவனைக் கையில் போட்டுக்கொண்டிருந்தார்கள்.

துரும்பைச் சட்டம் தள்ளிவிடுவதில்லை. அந்த ஜனங்களிடம் அப்படி ஒரு வழக்கம் உண்டு, அந்த வழக்கப்படி நடந்தது என்று நிரூபித்தால் ஒப்புக்கொள்ளும்.

"பஞ்சாயத்துல யார் யார் இருந்தாங்க?" என்று கேட்டாள் பத்மாசனி.

"அஞ்சு பேரு. நாலு பேரு போய்ச் சேந்துட்டாக. அஞ்சாவது ஆளு எங்க மூத்த கொழுந்தனுக்குச் சம்பந்தி."

"ஏதாவது எழுதி வச்சாங்களா?"

"துரும்புல என்னத்த எழுத?"

"சரி, அந்தத் துரும்பு எங்கே?"

"எங்கப்பன் அங்கனயே வீசிட்டு, வாடா தங்கம்னு என்னையக் கூட்டிக்கிட்டு வந்துருச்சு."

"கையில ஒண்ணுமே இல்லாம வந்தா கோர்ட்டு எப்படி நம்பும்?"

பத்மாசனி எல்லாவற்றையும் எழுதிக்கொண்டாள்.

அடுத்த வாரம் காமுத்தாய் வந்தபோது கையில் ஒரு பிளாஸ்டிக் உறை. உள்ளே செய்தித்தாளில் சுற்றிய அரைச் சாண் துரும்பு.

"நீங்க கேட்டீகளே. அப்பன் பெட்டியில இருந்துச்சு."

பத்மாசனி அதை ஜன்னல் வெளிச்சத்தில் திருப்பித் திருப்பிப் பார்த்தாள். முகர்ந்தாள். காமுத்தாயை வெளியே பெஞ்சில் உட்காரச் சொல்லிவிட்டுக் கதவைச் சாத்தினாள்.

"மேடம், கணுவைப் பாருங்க. இன்னும் பச்சை போகலை. இந்த வருஷத்துச் சோளத்தட்டை இது. போன வாரம் அப்பன் வீசிட்டான்னு சொன்னா. இந்த வாரம் பெட்டியில இருந்துச்சாம். இவளை எப்படி நம்பறது? இது பொய்னா துரும்பு குடுத்ததும் பொய்தான். கேஸ் வேண்டாம்னு சொல்லிடலாம்."

சௌந்தரி துரும்பை வாங்கி மேசைமேல் வைத்தாள்.

"உங்களுக்குக் கல்யாணமாகி எத்தனை வருஷம்க்கா?"

"நாப்பது."

"அதை நாளைக்கு நிரூபிச்சுக் கொண்டு வாங்க."

"எதுக்கு மேடம்?"

"உங்க வீட்டுக்காரர் இல்லைன்னு வச்சுக்குவோம். அவரோட தம்பி வந்து, நீங்க யாருன்னு கேக்கறார். நான் அந்தத் தம்பியோட வக்கீல்."

"இவளுக்கு என்ன பதில் சொல்ல?"

"நாளன்னைக்கு வரச் சொல்லுங்க. சாப்பிட்டாளான்னும் கேளுங்க."

வீட்டில் ராஜகோபால் விழுந்து விழுந்து சிரித்தார்.

"நாப்பது வருஷமா உன் ரசத்தைக் குடிக்கிறேன். இதைவிட என்னடி சாட்சி வேணும்?"

"நீங்க செத்துப்போயிட்டீங்க."

"காலையில நல்லாத்தானே இருந்தேன்?"

அவள் சிரிக்கவில்லை. பீரோவைத் திறந்தாள். ஆல்பத்தைப் பழைய வீட்டிலேயே கரையான் தின்றுவிட்டிருந்தது. கல்யாணம் நடந்தது அவர்களுடைய குலதெய்வக் கோயிலில். ரசீது கிடையாது, நடத்திவைத்த பூசாரியும் இல்லை. எத்தனையோ பேர் கல்யாணத்தைப் பதிவேட்டில் ஏற்றிய கை அவளுடையது. தன்னுடையதை ஏற்றவில்லை. இத்தனை வருஷத்தில் ஒருத்தரும் அவளை நீ யார் என்று கேட்டதில்லை.

கொழுந்தன் நடராஜனுக்குப் போன் போட்டாள். கல்யாணத்தன்று அவளுக்குக் குடை பிடித்தவன் அவன்.

"தம்பி, எங்க கல்யாணத்துல நீங்க கூடவே இருந்தீங்கதானே?"

அந்தப் பக்கம் சற்று நேரம் பேச்சில்லை.

"என்ன அண்ணி, திடீர்னு? அண்ணன் நல்லாத்தானே இருக்காரு?" பிறகு குரல் தாழ்ந்தது. "வீட்டு விஷயமா ஏதாவது எழுதறீங்களா?"

"சும்மா கேட்டேன்," என்று சொல்லி வைத்துவிட்டாள்.

எத்தனை தீபாவளிக்கு அவனுக்கு இலை போட்டிருக்கிறாள். அந்த இடைவெளி மட்டும் காதைவிட்டுப் போகவில்லை. அவன் என்ன நினைத்து நிறுத்தினான்? ஹாலில் பேப்பர் படித்துக்கொண்டிருந்த ராஜகோபாலைக்கூடப் புதிதாய்ப் பார்ப்பதுபோல் ஒரு தரம் எட்டிப் பார்த்தாள். பிறகு கைப்பையை எடுத்துக்கொண்டு கடைத்தெருவுக்குப் போனாள்.

மறுநாள் அவள் மேசைமேல் வரிசையாக வைத்தாள். சௌந்தரி ஒவ்வொன்றாய் எடுத்துப் பார்த்தாள்.

"ரேஷன் கார்டு. நீங்க சொன்னதை எழுதியிருக்காங்க."

"ஆமா."

"ஆதார். இதுவும் நீங்க சொன்னது."

"என்னோட சர்வீஸ் புக் மேடம். கவர்மென்ட் ரிக்கார்டு!"

"அதுல புருஷன் பேரை யார் சொன்னது?"

பத்மாசனி கடைசியாக இருந்ததை முன்னால் நகர்த்தினாள். கல்யாணப் பத்திரிகை. ஓரங்களில் மஞ்சள் தடவியிருந்தது. மூலையில் லேசான கசங்கல். சௌந்தரி பிரித்து மேலிருந்து கீழ்வரை படித்தாள். பெரியவர்கள் பெயர், முகூர்த்த நேரம், இடம். ஆயிரத்துத் தொள்ளாயிரத்து எண்பத்தைந்து, தை மாதம். அடியில் வந்ததும் விரலை நிறுத்தினாள்.

"அச்சகத்தோட செல் நம்பர் போட்டிருக்காங்கக்கா."

பத்மாசனி குனிந்து பார்த்தாள். பொடி எழுத்தில் அச்சகத்தின் பெயர். பக்கத்தில் பத்து இலக்கம். எல்லாப் பத்திரிகையிலும் அவர்கள் வழக்கமாகப் போடுவது. முப்பத்து நாலு வருஷம் முத்திரைத்தாளில் தேதியையும் கையெழுத்தையும் துருவிப் பார்த்த கண்ணுக்கு அது நேற்றுத் தெரியாமல் போயிற்று. காது மடல்கள் சுட்டன.

"கல்யாணம் நடந்துச்சா?"

"நடந்துச்சு மேடம்! சத்தியமா. அன்னைக்கு நல்ல மழை. பந்தல் ஒழுகி அவர் தலைப்பாகை எல்லாம்..."

பாதியில் நிறுத்திக்கொண்டாள். பேசப் பேச, நடந்ததே கட்டிச் சொல்வதுபோல் அவள் காதுக்கே கேட்டது.

சௌந்தரி மேசைமேல் கிடந்த துரும்பை எடுத்தாள். பத்திரிகையை மடித்தாள். இரண்டையும் ஒரே உறையில் போட்டு இழுப்பறையில் வைத்துப் பூட்டினாள்.

எதிரே கோர்ட்டில் பத்தரை மணி அழைப்புக்கு ஆட்கள் சேர்ந்துகொண்டிருந்தார்கள். சௌந்தரி கறுப்பு அங்கியை மாட்டிக்கொண்டு வாசலுக்குப் போனாள். பத்மாசனிக்கு மனசு ஆறவில்லை.

"இருந்தாலும் மேடம், அவகிட்ட ஒண்ணுமே இல்லையே. வெறும் வாய்ச் சொல்லை வச்சு எப்படி நம்பறது?"

சௌந்தரி படியில் நின்று திரும்பினாள்.

"உங்க வீட்டுக்காரர் பேர் என்னக்கா?"

"ராஜகோபால்."

"நம்பிட்டேன்," என்று சொல்லிவிட்டு இறங்கிப் போனாள்.

பத்மாசனி ரொம்ப நேரம் காலி மேசையின் எதிரே உட்கார்ந்திருந்தாள். நேற்றுத் தன்னைக் கடைத்தெருவுக்குத் துரத்திய பயத்தை நினைத்துப் பார்த்தாள். துரும்பு கொடுத்ததே பொய் என்றானால் இந்தப் பயம் இன்னும் ஒருத்திக்கு வரவேண்டும் என்று அப்போதுதான் அவளுக்குப் பட்டது.

மறுநாள் காலை பஸ் ஏறி வீரணன் ஊருக்குப் போனாள். காமுத்தாயைத் தீர்த்துவிட்டு அவன் கட்டிக்கொண்ட மலையம்மாள் வாசலில் புளி கொட்டை எடுத்துக்கொண்டிருந்தாள்.

"உன்னைய யாரு அனுப்பிவிட்டா?" என்றாள் மலையம்மாள், கையிலிருந்த சுத்தியலைக் கீழே வைக்காமல்.

"யாரும் அனுப்பலைம்மா. ஒண்ணே ஒண்ணு கேக்கணும். உன் வீட்டுக்காரர் காமுத்தாய்க்குத் துரும்பு குடுக்கலைன்னு சொல்றாரே. அப்படீன்னா நீ யாரு?"

சுத்தியல் அந்தரத்தில் நின்றது.

வழக்கு நாலு வருஷம் நடந்தது. துரும்பு ஒடித்ததை, கூட்டத்தின் ஓரத்தில் நின்று பத்தொன்பது வயதில் தான் பார்த்ததாகக் கூண்டில் ஏறிச் சொன்னவள் மலையம்மாள் ஒருத்திதான். நீதிபதி அதை ஏற்றுக்கொண்டார். காமுத்தாய் அந்த வீட்டிலேயே இருக்கிறாள். சாட்சி சொன்ன அன்று சாயங்காலமே மலையம்மாளை வீரணன் வீட்டைவிட்டு விரட்டினான். அவள் திருப்பூரில் ஒரு பனியன் கம்பெனியில் பிசிறு வெட்டுகிறாள்.