கிழக்கு வெளுக்காத செவ்வாய்

செவ்வாய்க்கிழமை முடியவில்லை. அதுதான் கோளாறு.

வெகு காலத்துக்கு முன்னால், மலைக்கும் ஆற்றுக்கும் நடுவே சாயாபுரி என்றொரு ராஜ்யம். அங்கே அரண்மனையில் சேகண்டி அடிக்கிறவன் சேந்தன். பெரிய வேலை இல்லை. அடியில் ஓட்டை போட்ட வட்டிலைத் தண்ணீரில் மிதக்க விடுவான். அது மூழ்கினால் ஒரு நாழிகை. ஓர் அடி அடிப்பான்.

அன்றைக்கு வட்டில் மூழ்கவில்லை. மிதந்தது, மிதந்துகொண்டே இருந்தது. கிழக்கு சிவந்தது. சிவந்தபடியே நின்றது. உலையில் அரிசி பாதி வெந்து நின்றது. சேவல் கூவிக் கூவித் தொண்டை கட்டிக்கொண்டது.

"எழுந்தாச்சா?" என்றார் ஒருவர்.

"எழுந்துட்டேனா, இன்னும் படுக்கவே இல்லையான்னு தெரியலையே!" என்றார் எதிர்வீட்டுக்காரர்.

சேந்தனுக்குக் கவலை வேறு. அவன் பெண்டாட்டி அரண்மனைத் துணி வெளுக்கிறவள், நிறைமாதம். செவ்வாய் மாலை பிடித்த வலி விடவில்லை. பிள்ளையும் வரவில்லை.

"இப்படியே போனா ரெண்டு உசிரும் தங்காது," என்றாள் மருத்துவச்சி.

உள்ளேயிருந்து பெண்டாட்டியின் குரல் வந்தது. "யோவ், விடிஞ்சுதா?"

"சிவந்திருக்கு புள்ள. வெளுக்கல."

ஓடினான் ராஜாவிடம். ராஜா கிரீடத்தை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார்.

"புதன் விடிந்தால் என் முடி விழும் என்று ஜோசியன் சொல்லிவிட்டான். அதனால் விடியவே வேண்டாம் என்று மந்திரவாதியிடம் சொல்லிவிட்டேன். போ, போ!"

திரும்பி வந்தான்.

"யோவ், விடிஞ்சுதா?"

"சிவந்திருக்கு புள்ள. வெளுக்கல. விடிஞ்சா ராஜாவுக்கு முடி விழுந்துடுமாம்."

"முடிதானே? விழுந்தா முளைச்சுட்டுப் போகுது!"

ஓடினான் மலை உச்சிக்கு. அங்கே மந்திரவாதி வர்ணகேது கண்ணை மூடி உட்கார்ந்திருந்தான்.

"சாமி, விடிய விடுங்க. என் பிள்ளை பிறக்கணும்."

"மூடனே, கேள். ஒளி என்பது நூல். காலம் என்பது துணி. நிறம் என்பது சாயம். நீ பார்ப்பது சாயத்தை. அதைக் காலம் என்று நினைக்கிறாய்."

"புரியலைங்க."

"புரிந்துவிட்டால் அது தத்துவமா?"

"என் பிள்ளை, சாமி..."

"செவ்வாய் சிவப்பு. புதன் பச்சை. சிவப்பு இறங்கினால்தான் பச்சை ஏறும். கிழக்குக்கு நான் சிவப்பை ஏற்றிவிட்டேன். இனி இறங்காது. உன் பிள்ளை புதன்கிழமைப் பிள்ளை. புதனே இல்லை, பிள்ளை ஏது?"

சேந்தன் மலை இறங்கினான். ஒளி நூல், காலம் துணி என்று சொல்லிக்கொண்டே வந்தான். பாதி வழியில் நூல் காலமாகிவிட்டது. வீட்டு வாசலில் துணி ஒளியாகிவிட்டது. தலை சுற்றியது.

"யோவ், விடிஞ்சுதா?"

"சிவந்திருக்கு புள்ள. வெளுக்கல."

"அந்த ஆளு என்னதான் சொல்றான்?"

"என்னவோ நூலுங்கறான், துணிங்கறான், சாயம் ஏத்திட்டேங்கறான்."

வலியில் புரண்டவள் எழுந்து உட்கார்ந்தாள்.

"என்னது? சாயமா?"

"ஆமா."

"துணியிலயா?"

"ஆமா, அப்படித்தான் சொன்னான்."

"அட கூறுகெட்ட மனுசா! ஏத்தின சாயத்தை வெளுக்கிறது யார் வேலை? தூக்கிவிடு என்னை!"

மருத்துவச்சி கத்தினாள். கேட்டால்தானே? ஒரு கை புருஷன் தோளில், ஒரு கை இடுப்பில். நடந்தாள் ஆற்றுக்கு. மருத்துவச்சியும் பின்னாலேயே ஓடினாள்.

கிழக்கின் சிவப்பு தண்ணீர்மேல் படர்ந்து கிடந்தது. குனிந்து துழாவினாள். ஒரு முனை அகப்பட்டது. இழுத்தாள். வந்தது, நனைந்த ஜமக்காளம் கணக்காக. சேந்தன் வானத்தைப் பார்த்தான், அவள் கையைப் பார்த்தான். எதை நம்புவது என்று தெரியவில்லை.

உவர்மண் போட்டுத் தேய்த்தாள். கல்லில் அடித்தாள்.

ஓர் அடி. ஆறு சிவந்து ஓடியது.

இரண்டாம் அடி. மந்திரவாதி தலைதெறிக்க ஓடி வந்தான். "அடிக்காதே! ஏழு கடல் உப்புப் போட்டு ஏற்றியது! கெட்டிச் சாயம்!"

"சாயம் போட்டவன் எவன்தான் கெட்டிச் சாயம் இல்லைன்னான்? தள்ளி நில்லுய்யா!"

மூன்றாம் அடி.

கிழக்கு வெளுத்தது.

போகிற சிவப்பைப் பிடிக்க மந்திரவாதி ஆற்றில் குதித்தான். ஆறு இரண்டையும் கொண்டுபோயிற்று. வட்டில் மூழ்கியது. ஊரெங்கும் உலை பொங்கியது. துவைக்கிற கல்லோரம், மருத்துவச்சியின் கையில், பச்சைப் பிள்ளை வீறிட்டது. புதன்கிழமை.

ராஜா வந்தார், கிரீடத்தைப் பிடித்தபடியே. பிள்ளையைப் பார்த்ததும் கை தானாக இறங்கியது. கிரீடம் விழவில்லை.

"இந்தத் துறையும் கரையும் இனி இவளுக்கு," என்றார். "சேகண்டியை அடி! விடிய வைத்தவள் யாரென்று ஊருக்குச் சொல்!"

நேற்றுக் கணக்கில் அடிப்பதா, இன்றைக் கணக்கில் அடிப்பதா? சேந்தனுக்குக் குழப்பம். ஓர் அடி அடித்து வைத்தான்.

"கிழக்கை வெளுத்தது என் பெண்டாட்டி!"

"பேரைச் சொல்லுடா!" என்றது ஊர்.

"கருப்பாயி."