அசேராவின் மண்

"முதல் கல்லை நான்தான் எறியணுமா, குருவே?"

வந்தவன் உட்காரக்கூட இல்லை. செருப்பைக் கழற்றவில்லை, வேர்வையைத் துடைக்கவில்லை. கேட்டுவிட்டான்.

 குருவின் மடியில் ஒரு பச்சைக் குழந்தை கிடந்தது. ஆட்டுப்பாலில் துணித்திரியை நனைத்து அதன் வாயில் வைத்துக்கொண்டிருந்தார். பாதிப் பால் வாய்க்குப் போனது, பாதி காதுக்குப் போனது.

கேட்டவன் பெயர் பெத்தகியா. எருசலேம் கோவிலில் வாசல் காவலன். வயது அறுபது. குரு அமரியாவுக்கு முப்பத்தைந்துகூட இருக்காது. தெக்கோவாவுக்குக் கீழே ஆடு மேய்கிற வனாந்தரத்தில் ஒரு கூடாரம், நாற்பது ஆடு, அவ்வளவுதான் அவருடைய மடம். ஆனாலும் ஒரு சிக்கல் என்று வந்தால் பெத்தகியாவின் கால் இங்கேதான் வரும். ஞானத்துக்கு நரை எதற்கு?

"உட்காருங்க பெரியவரே. யார் மேல கல்லு?"

"என் வீட்டுக்காரி மேல."

துணித்திரி நின்றது. குழந்தை முனகியது. திரி மறுபடி பாலுக்குள் போனது.

"சொல்லுங்க."

"எங்க வீட்டு மாடத்துல ஒரு மண் அம்மா இருந்தா. உங்களுக்குத் தெரியாததா? எல்லார் வீட்டுலயும் இருந்தவதான். சாண் உயரம். ரெண்டு கையாலயும் மாரைத் தாங்கிக்கிட்டு நிப்பா."

"அசேரா."

"அந்தப் பேரை இப்பல்லாம் சொல்லக்கூடாது குருவே."

அதுவும் சரிதான். சாமிகளின் கதை அப்படித்தான் போய்க்கொண்டிருந்தது. தாத்தன் காலத்தில் மலைக்கொரு சாமி, மழைக்கொரு சாமி, நிலவுக்கொரு சாமி. அப்பன் காலத்தில் அவர்கள் எல்லாரும் எருசலேம் கோவில் சாமியான யாவேயின் சபையில் கைகட்டி நின்றார்கள். பெத்தகியா வாலிபனானபோது அவர்களையும் காணோம். யாவேயும் அவர் வீட்டுக்காரி அசேராவும்தான் மிச்சம். கோவிலுக்குள்ளேயே அவளுக்கு ஒரு மரத்தூண் நின்றது, பெண்கள் அதற்குத் துணி நெய்து சாத்தினார்கள். ஊருக்குப் போகிறவனை வழியனுப்பும்போது, "யாவேயும் அவருடைய அசேராவும் உன்னைக் காக்கட்டும்" என்பார்கள்.

பிறகு அரசன் ஆணை வந்தது. ஒருவர்தான். பக்கத்தில் யாரும் இல்லை.

தூணை வெளியே இழுத்துப் போட்டு எரித்தவர்களில் பெத்தகியாவும் ஒருவன். மனப்பூர்வமாகத்தான் செய்தான். ஒருவர் என்பதை நெஞ்சார நம்பியவன் அவன். பிறகு சாக்கும் சம்மட்டியுமாக ஊர் ஊராகப் போய், வீடு வீடாக நுழைந்து, மாடத்து அம்மாக்களை உடைத்தான்.

"கடைசியா எங்க வீடு" என்றான் பெத்தகியா. "அவளையும் நானே உடைச்சேன். இல்லாட்டி ஊருக்குத்தான் உபதேசமான்னு கேட்க மாட்டாங்களா?"

"உங்க வீட்டம்மா என்ன சொன்னாங்க?"

"நோவாளா? ஒண்ணும் சொல்லல. மாடத்தைத் துடைச்சா. காலியா இருந்த மாடத்தை, ஒரு நாழி நேரம் துடைச்சுக்கிட்டே இருந்தா."

"பிள்ளைங்க?"

"மூணு பிறந்துச்சு. ஒண்ணும் தவழற வயசைப் பார்க்கல. அதுங்க போனதுல இருந்து நோவாள் அந்த மண்ணுகிட்டதான் பேசுவா. எம்பிள்ளைக்கு இந்நேரம் பல்லு முளைச்சிருக்கும், எம்பிள்ளைக்கு இந்நேரம் மீசை வந்திருக்கும்னு. முப்பத்தஞ்சு வருஷமா இதே பேச்சு."

"உங்ககிட்ட பேச மாட்டாங்களா?"

பெத்தகியா மூக்கை உறிஞ்சினான். "எனக்குக் கோவில் முறை குருவே. மூணு சாவுக்கும் நான் வாசல்ல நின்னுக்கிட்டிருந்தேன். பிணத்துகிட்ட போனா ஏழு நாள் தீட்டு. முறை போயிடும். அவளே தூக்கிட்டுப் போய்ப் புதைச்சுட்டு வந்தா."

குரு குழந்தையின் காதைத் துடைத்துவிட்டார்.

"உடைச்ச மண்ணை என்ன பண்ணினீங்க?"

"ஆணைப்படிதான். பொடியா இடிச்சு, கல்லறை மேல தூவினேன். பிணம் கிடக்கிற இடத்துல பட்டா தீட்டு. தீட்டுப்பட்ட சாமி மறுபடி எழும்பாது."

"யார் கல்லறை மேல?"

"கீதரோன் சரிவுல, ஏழைபாழைங்க புதைக்கிற இடம். நான் உள்ள போகல. மதிலுக்கு வெளிய நின்னு, காத்து போற பக்கம் பார்த்து வீசினேன்."

"யார் கல்லறைன்னு கேட்டேன்."

"யாருக்குத் தெரியும்? பேரா எழுதி வெச்சிருக்கு? ஏதோ மேடுங்க."

குரு அதற்குமேல் அதைக் கேட்கவில்லை. பெத்தகியாவால்தான் நிறுத்த முடியவில்லை.

"எட்டு நாளா விடியுமுன்னே எழுந்து அத்திப்பழ அடை சுடுறா. துணியில மூடிக்கிட்டு அந்தக் கல்லறைக்கே போறா. பின்னாலயே போய்ப் பார்த்துட்டேன். அந்தப் பொடியைக் கும்பிடத்தான் போறா குருவே! வேற சாமியைக் கும்பிட்டா கல்லெறிஞ்சு கொல்லணும்னு சட்டம் தெரியுமில்ல? மாரோட சாய்ஞ்சிருக்கிற பெண்டாட்டியே ஆனாலும் காட்டிக்கொடு, முதல் கல் உன் கையாலதான் விழணும்ங்குது. மறைச்சா எனக்கும் அதே கல்லு."

அவன் அப்போதுதான் குனிந்து செருப்பைக் கழற்றினான்.

"நாப்பது வருஷம். ஒரு நாள் எனக்குச் சோறு ஆறிப்போய்க் கொடுத்ததில்ல."

குரு எழுந்தார். "கொஞ்சம் பிடிங்க" என்று குழந்தையை அவன் கையில் வைத்தார்.

பெத்தகியாவுக்குக் குழந்தை பிடிக்கத் தெரியவில்லை. கோவில் கதவின் தாழ்ப்பாளைப் பிடிக்கிற மாதிரி பிடித்தான். அது வீல் என்று கத்தியது.

"திரியை நனைச்சு வாயில வைங்க."

"இது பொம்பளைங்க வேலையாச்சே. இதோட அம்மா எங்க?"

"போய்ப் பன்னிரண்டு நாள் ஆச்சு. பயப்படாதீங்க, தீட்டுக் கழிஞ்சுடுச்சு."

பெத்தகியா அழுகிற குழந்தையைப் பார்த்தான், அடுப்பெரியாத கூடாரத்தைப் பார்த்தான். "இருந்தாலும் நீங்க போய் இதையெல்லாம்..."

"பொம்பளை போயிட்டா பெரியவரே. பசி போகலையே."

திரியை நனைத்தான்.  குழந்தை சப்பியது.

அப்போதுதான் அவனுக்கு நினைவு வந்தது. இரண்டு மாதத்துக்கு முன் சம்மட்டியோடு தெக்கோவாவுக்கு வந்திருந்தான். இதே கூடாரம். குரு மேய்ச்சலுக்குப் போயிருந்தார். வாயும் வயிறுமாகக் குருவின் மனைவி வாசலில் நின்றாள். மண் அம்மாவைக் கையில் வைத்துக்கொண்டு, "பிரசவம் வரைக்குமாவது விட்டுட்டுப் போங்களேன் ஐயா. பிறகு நானே கொண்டாந்து கொடுத்துடறேன்" என்றாள். ஆணை என்று சொல்லிப் பிடுங்கிச் சாக்கில் போட்டவன் அவன்தான்.

தலைவலியும் காய்ச்சலும் தனக்கு வந்தால்தானே தெரியும்? 

"குருவே, அன்னிக்கு வந்தது..."

"தெரியும்."

"அது கையில இருந்திருந்தா பிழைச்சிருப்பாளோ?"

"இல்ல. எங்க அக்கா பிரசவத்துல ரெண்டு கையிலயும் ரெண்டு வெச்சிருந்தா. அவளும்தான் போனா."

பெத்தகியா பெருமூச்சு விட்டான். நெஞ்சிலிருந்து ஒரு பாறை நகர்ந்தது. "பார்த்தீங்களா! வெறும் மண்ணுதானே! அதை உடைச்சதுல யாருக்கு என்ன நஷ்டம்?"

குரு தன் இடது சட்டைக்கையை மேலே தள்ளினார்.

மணிக்கட்டில் நான்கு காயம். பிறை பிறையாக, ஆழமாக, இன்னும் பொருக்கு உதிராமல்.

"வலி வந்தப்போ பிடிச்சுக்க ஏதாவது தேடினா. ஒண்ணும் இல்ல. மருத்துவச்சி என்னை உள்ள கூப்பிட்டா."

"பிரசவம் நடக்கிற இடத்துக்கு ஆம்பளையா?"

"முன்னெல்லாம் தேவைப்படல."

சட்டையை இறக்கிவிட்டுக்கொண்டார். வெளியே ஆடுகள் கத்தின. 

"பாவம் அவரு" என்றார் குரு.

"யாரு?"

"யாவே."

பெத்தகியா பதறிப்போனான். "ஒருத்தர்தான்னு நீங்களும் நம்புறீங்கதானே?"

"நம்புறேன். அதனாலதான் பாவம்ங்கிறேன். வீட்டுல அத்தனை வேலையும் இனி அவர் தலையிலதானே?"

"அதெல்லாம் இருக்கட்டும். நான் கேட்டதுக்குப் பதில் சொல்லுங்க. கல்லு!"

"உங்க வீட்டம்மா அங்க போய் என்ன பேசுறாங்கன்னு கேட்டீங்களா?"

"எப்படிக் கேட்கிறது? நான்தான் மதிலுக்கு வெளியவே நின்னேனே. தூரத்துல இருந்து உதடு அசையறது தெரிஞ்சுது."

"மதில் எவ்வளவு உயரம்?"

"முழங்கால் உயரம் இருக்கும்."

குரு குழந்தையை வாங்கித் தோளில் போட்டுக்கொண்டார். முதுகைத் தட்டினார். அது சின்னதாக ஓர் ஏப்பம் விட்டது.

"கிளம்புங்க. விடியறதுக்குள்ள ஊர் போய்ச் சேரலாம்."

வாசல் வரை வந்தார். "யாவே உங்களைக் காக்கட்டும்" என்றார். மிச்சத்தைச் சொல்ல வாய் தானாகத் திறந்தது. மூடிக்கொண்டார். பெத்தகியாவின் காதும் அந்த மிச்சத்துக்காகக் கொஞ்சம் காத்திருந்தது.

*

கீதரோன் சரிவில் கிழக்கு வெளுத்துக்கொண்டிருந்தது.

பெத்தகியா இந்த முறை மதிலை ஒட்டியே வந்தான். பாறை மறைவில் குந்திக்கொண்டான். நாளைக் காலை அவன் முறை. ஏழு நாள் வாசலில் நிற்க வேண்டும். மதிலுக்கு இந்தப் பக்கம் இருக்கிற வரை அவன் சுத்தம்.

நோவாள் தரையில் உட்கார்ந்திருந்தாள். அவளைச் சுற்றி மூன்று மேடுகள். ஒவ்வொன்றும் ஒரு முழ நீளம்தான் இருக்கும். அவற்றின் மேல் செம்மண் பொடி படிந்து கிடந்தது. சுட்ட மண்ணின் நிறம். அவன் இடித்த பொடி.

அடையை நான்காகப் பிட்டாள். மேட்டுக்கு ஒன்றாக மூன்று துண்டு வைத்தாள். நான்காவதைப் பொடி மேல் வைத்தாள்.

அவள் மண்டியிடவில்லை. கை கூப்பவில்லை. பக்கத்து வீட்டுக்காரியிடம் பேசுகிற மாதிரிதான் பேசினாள்.

"நீ வந்ததுல இருந்து எனக்கு ராத்திரி தூக்கம் வருதடி. இத்தனை வருஷமா தனியா கிடந்துச்சுங்க பாவம். நான் வீட்டுல உங்கிட்ட புலம்பினேன், நீயும் கேட்டே. கேட்டு என்ன செய்ய? நீ அங்க, அதுங்க இங்க."

காற்றில் பொடி கொஞ்சம் பறந்தது. உள்ளங்கையால் அதை மெதுவாக மேட்டின் மேல் அழுத்திவிட்டாள்.

"அவரு தெரியாமத்தான் வீசினாரு. இருந்தாலும் சரியான இடத்துல கொண்டாந்து போட்டிருக்காரு, பாரு. நான் வர்ற வரைக்கும் நீயே பார்த்துக்க. சின்னவனுக்குக் குளிர் ஆகாது."

பெத்தகியா வாயைப் பொத்திக்கொண்டான். ஏதோ மேடுங்க என்று சொன்ன வாய்.

அவன் கையில் ஒரு கல் இருந்தது. மதிலிலிருந்து எப்போது உருவினான் என்று அவனுக்கே தெரியாது. அது நழுவி விழுந்து சத்தம் போட்டது.

நோவாள் திரும்பினாள். அவனைப் பார்த்தாள். காலடியில் கிடந்த கல்லைப் பார்த்தாள். ஓடவில்லை. அழவும் இல்லை.

"எறியறதுன்னா இங்கேயே எறிஞ்சுடுங்க" என்றாள். "பக்கத்துலயே கிடந்துட்டுப் போறேன்."

பெத்தகியா எழுந்தான். முழங்கால் உயர மதில். அதன் மேல் ஒரு காலைத் தூக்கி வைத்தான்.

நோவாள் பதறிவிட்டாள். "அய்யோ, என்னங்க! உள்ள வராதீங்க! நாளைக்கு உங்க முறை, தீட்டாயிடும்!"

அவன் இறங்கினான். வந்தான். அவள் பக்கத்தில், ஈரத் தரையில் உட்கார்ந்தான். மூன்று மேடுகளையும் மாறி மாறிப் பார்த்தான். கேட்க வெட்கமாக இருந்தது. கேட்காமலும் இருக்க முடியவில்லை.

"நோவாள், இதுல மூத்தவன் எது?"

அவள் அவன் முகத்தைப் பார்த்தாள். பிறகு அவன் மணிக்கட்டைப் பிடித்து இழுத்து, உள்ளங்கையை நடு மேட்டின் மேல் வைத்து அழுத்தினாள்.

முப்பத்தைந்து வருஷத்து அழுகை அப்போதுதான் அவளுக்கு வந்தது. நகம் நான்கும் அவன் மணிக்கட்டில் இறங்கின.

அவன் கையை எடுக்கவில்லை.