ஒரு துணிக்கு ஒரு தடவைதான்

ஒரு ஊர்ல ஒரு பொண்ணு இருந்தா. ஊருன்னா நம்ம ஊரு மாதிரி பஸ்ஸு போற ஊரு இல்ல. ஸ்காட்லாந்துன்னு ஒரு தேசம் இருக்கு பாரு, அதுக்கும் மேற்கால, கடலுக்கு நடுவுல, ஹார்னான்னு ஒரு தீவு. மரம்னு சொல்ல ஒண்ணு கிடையாது. காத்து மட்டும் ஊஊஊன்னு எப்பப் பாத்தாலும் அடிக்கும். கரண்டு, இன்ஜின் வெச்ச கப்பல் எதுவும் வராத காலம். மொத்தம் முப்பது வீடு. மனுஷங்களை விட ஆடு ஜாஸ்தி. ம் சொல்லு. நீ ம் சொல்லலேன்னா நான் நிறுத்திடுவேன், ஆமா.

அந்தப் பொண்ணு பேரு சோரகா. அப்பா அம்மா சின்னதுலயே போயிட்டாங்க. வளத்தது அவ அத்தை, மார்சலி. மார்சலி அத்தைக்குத் தீவுலயே பெரிய குரல். அவ இங்கேருந்து பாடினா கடல்ல வலை போடறவன் அங்கேருந்து தலையாட்டுவான். நம்ம சோரகா குரல் எப்படின்னா, எண்ணெய் காணாத கதவு கிரீச்சுங்குமே, அப்படி. ஆனா கை தங்கம். கம்பளி நூல் நூத்தான்னா சிலந்தி வந்து பாத்துட்டு வெக்கப்பட்டுப் போயிடும்.

அவ நூத்த நூலை வாங்கிட்டுப் போயி நெய்யறவன் ரூரி. நல்ல உயரம், நல்ல தோள், வாயில மட்டும் கொழுக்கட்டை. வருவான், நூலை வாங்கிப்பான், "உன் நூல் தறியில அறுந்ததே இல்ல"ன்னு சொல்லுவான், போயிடுவான். ரெண்டு வருஷமா இதே ஒரு பேச்சு! ஆனா அதைக் கேக்கறதுக்குன்னே சோரகா ராப்பகலா நூத்தா. அவளுக்கு ரூரின்னா உசுரு. ரூரிக்கும் அவதான் உசுரு. சிரிக்காதே, நீயும் பெரியவளாயி இப்படித்தான் நிக்கப் போறே.

அப்போ நேரா கேட்டுக் கல்யாணம் பண்ணிக்க வேண்டியதுதானேங்கறியா? அதான் முடியாது. அந்தத் தீவுல பொண்ணு பாக்கறது, பஜ்ஜி சொஜ்ஜி எல்லாம் கிடையாது. கல்யாணம் நிச்சயம் ஆகறது துணி அடிக்கற பலகையிலதான்.

அது என்னன்னா, தறியிலேருந்து வர கம்பளி சல்லடை மாதிரி தொளதொளன்னு இருக்கும். காத்தும் மழையும் உள்ள புகாம இருக்கணும்னா அதை நனைச்சு, நீளப் பலகையில போட்டு, பன்னெண்டு பொம்பளைங்க இந்தப் பக்கம் ஆறு அந்தப் பக்கம் ஆறு உக்காந்து, தொப் தொப் டம்... தொப் தொப் டம்னு அடிப்பாங்க. எந்தத் தண்ணியில நனைப்பாங்க தெரியுமா? வேணாம், சொன்னா நீ தூங்க மாட்டே. சரி, சொல்லித் தொலைக்கறேன். ஊரெல்லாம் பீப்பாயில சேத்து வெச்ச பழைய மூத்திரம்! சீ இல்ல, நிஜமாத்தான். சாயம் போகாம நிக்குமாம். நாத்தம் அடிச்சா என்ன, குளிருக்கு யாரு மூக்கைப் பாத்தா.

அடிக்கும்போது பாட்டு உண்டு. பாட்டு இல்லேன்னா கை ஓடாது. முன்னாடி எடுத்துப் பாடறது மார்சலி அத்தை. வயசுக்கு வந்த பொண்ணு இருந்தா, ஒவ்வொரு பையன் பேராச் சொல்லி "இவன் வேணுமா?"ன்னு பாட்டுலயே கேப்பாங்க. பொண்ணு பாட்டுலயே பதில் சொல்லணும். அதுக்கு மூணு சட்டம். ஒரு துணிக்கு ஒரு பேரை ஒரு தடவைதான் பாடலாம். ரெண்டாந்தடவை பாடினா அந்தத் துணியைப் போத்தினவனைக் கடல் கொண்டு போயிடும்னு பயம். பேரு வரும்போது பதில் வரலேன்னா வேணாம்னு அர்த்தம். மூணாவதா வர பேரைத் தட்டவே கூடாது, அவன்தான் மாப்பிள்ளை. புரிஞ்சுதா? ம்.

அப்புறம், ஒரு நாள் நல்ல பகல் வேளையில சோரகாவுக்குத் துணி அடிக்க எல்லாரும் மார்சலி வீட்டுக் கொட்டகையில கூடினாங்க. சோரகா, எப்படியும் ரூரி பேரு வரும், வேணும்னு பாடிடலாம்னு ராத்திரியெல்லாம் சொல்லிப் பாத்து வெச்சிருந்தா.

அப்போ அத்தை எடுத்தா பாரு:

"ஹோ ரோ ஹோரி, ஃபின்லே இருக்கான்,
தாடி நீளம், பல்லு ரெண்டு,
தூங்கினா குறட்டை மேளம்!"

எல்லாரும் கொல்லுன்னு சிரிச்சாங்க. ஃபின்லே அறுபது வயசுக் கிழவன். முதல் பேரு எப்பவும் வேடிக்கைக்கு. சோரகாவும் சிரிச்சுக்கிட்டே "கல்லைக் கட்டிக் கடல்ல போடு"ன்னு கிரீச்சினா. தொப் தொப் டம்.

அப்புறம் அத்தை சொன்னா, "அடி சோரகா, தொண்டை வறண்டு போச்சு. கிழக்கு மேட்டுக்கு அந்தாண்ட இருக்கற கிணத்துக்குப் போயி ஒரு குடம் தண்ணி கொண்டாடி."

சோரகா வெகுளி. குடத்தைத் தூக்கிட்டு ஓடினா. திரும்பி வந்தா, பலகையில அடி நின்னு போயிருந்துது. பன்னெண்டு பேரும் அவங்கவங்க கையைப் பாக்கறாங்க. பக்கத்து வீட்டு பெயாக் அக்கா, குண்டு அக்கா, மனசுல ஒண்ணும் வெச்சுக்கத் தெரியாதவ, அவதான் காதுல சொன்னா.

"நீ போனதும் உங்க அத்தை ரூரி பேரைப் பாடிட்டாடி. பதில் சொல்ல நீ இல்ல. அந்தப் பேரு போச்சு."

குடம் டமால்! தண்ணி பூரா தரையில. இனிமே மூணாவது பேரு. அது யாருன்னு ஊருக்கே தெரியும். பக்கத்து வீட்டு டார்க்கில். நாப்பது ஆடு வெச்சிருக்கான், வாயைத் திறந்தா நாப்பது ஆட்டைப் பத்தித்தான் பேசுவான். நல்லவன்தான். நல்லவனா இருந்தா போதுமா? சோரகாவுக்கு அழுகை முட்டிக்கிட்டு வந்துது. தட்ட முடியாது, ஓட முடியாது. அத்தை மூச்சை நல்லா உள்ள இழுத்து, "ஹோ ரோ..."ன்னு வாயைத் திறந்தா.

அப்போ ஜன்னல்ல ஒரு மூக்கு!

"ஆம்பளை! ஆம்பளை!"ன்னு ஒரே கூச்சல். ஏன்னா துணி அடிக்கற எடத்துக்கு ஆம்பளை வரவே கூடாது. வந்தா சும்மா விட மாட்டாங்க. நாலு பேரு ஓடிப் போயி திடுதிடுன்னு இழுத்துட்டு வந்தாங்க. யாருங்கறே? நம்ம ரூரி! அவன் வீடு மேற்கு முனையில ஒரு குட்டித் திட்டுல இருக்கு. கடல் வத்தினாத்தான் நடந்து வரலாம். காத்து மேற்குப் பக்கமா அடிச்சதால அத்தை பாடினது அது வரைக்கும் கேட்டிருக்கு. பெரிய குரல் இருந்தா இதான் தொல்லை. இவன் பேரு கேட்டுது, சோரகா பதில் கேக்கல. தறியில இருந்த துணியை அப்படியே அறுத்து மழைக்குப் போத்திக்கிட்டு, கடல் முழுசா வத்தறதுக்குள்ளயே இடுப்பளவு தண்ணியில சளக் சளக்குன்னு ஓடி வந்திருக்கான்.

வாயில கொழுக்கட்டை வெச்சிருந்த ரூரி அன்னிக்குப் பேசினான். "சோரகா, என்னை வேணாம்னுட்டியா? அதை மட்டும் சொல்லு, போயிடறேன்."

சோரகா பதில் சொல்றதுக்குள்ள பொம்பளைங்க சட்டப்படி அவன் மேல் துணியை உருவி பீப்பாய்ல தொபுக்குன்னு முக்கிட்டாங்க. மாட்டிக்கிட்ட ஆம்பளைக்கு அதான் தண்டனை. அவனை வெளியில தள்ளி, படார்னு கதவைச் சாத்தினாங்க. அவன் சட்டையோட மழையில பல்லு கிடுகிடுக்க நின்னான், பாவம்.

சோரகா பீப்பாய்கிட்ட போனா. துணியை வெளியில எடுத்தா. கையால தடவிப் பாத்தா. அவ நூத்த நூலுதான். தொளதொளன்னு இருந்துது. அவ முகம் மலர்ந்துது பாரு, அடேயப்பா!

"அத்தை, இது அடிக்காத துணி. இது வேற துணி."

பெயாக் அக்கா தொடையைத் தட்டிக்கிட்டுச் சொன்னா, "அதானே! ஒரு துணிக்கு ஒரு தடவை. இது ரெண்டாவது துணி. இதுல ஒரு பேரும் பாடல. நனைச்ச துணியை அடிக்காம வெச்சா வீணாப் போயிடும். நாமதானே நனைச்சோம்? போடுடி பலகையில!"

முதல் துணியைத் தள்ளி வெச்சுட்டு, தொபக்! இதைப் போட்டாங்க. ஆனா மார்சலி அத்தை கையைக் கட்டிக்கிட்டு வாயை இறுக்க மூடிட்டா. எடுத்துப் பாட ஆள் இல்லேன்னா எப்படி? எல்லாரும் அவளையே பாத்தாங்க. அத்தை கல்லுளிமங்கி, அசையல. ம்... முழிச்சிருக்கியா? நல்ல எடத்துல தூங்கிடாதே.

அப்போ சோரகா ஒண்ணு பண்ணினா. எந்தப் பொண்ணும் பண்ணாதது. ரூரி பேரைச் சொல்லாம, தன் பேரைத் தானே எடுத்துப் பாடினா.

"ஹோ ரோ ஹோரி, சோரகா கேக்கறா, நெய்யறவனைத் தாங்க..."

ஐயோ, அந்தக் குரல்! தாளம் ஒரு பக்கம், பாட்டு ஒரு பக்கம். தொப்... டம் டம்... தொப்... பெயாக் அக்கா கை பக்கத்துக்காரி விரல்ல விழுந்து "ஆ!" வெளியில ஒரு நாய் ஊளையிட ஆரம்பிச்சுது. துணி ஒரு எடத்துல தடிச்சு ஒரு எடத்துல கோணிக்கிட்டுப் போகுது. சோரகா நிறுத்தல. கண்ணுல தண்ணி ஓட ஓடப் பாடறா.

அத்தைக்குத் தாங்கல. "ஏண்டி இப்படிப் பண்றே? டார்க்கில் வீடு சுவத்துக்கு அந்தப் பக்கம். கூப்பிட்டா வந்துடுவே. அவன் திட்டுக்குப் போயிட்டா, கடல் ஏறிட்டா, நான் உன்னை எப்படிப் பாப்பேன்? எனக்கு யாரு இருக்கா?"ன்னா. சொல்லும்போதே அவ பெரிய குரல் நூலாட்டம் ஆயிடுச்சு.

சோரகாவுக்கு இத்தனை நாளாத் தெரியாது அது. அவளுக்குக் கோவமெல்லாம் கரைஞ்சு போச்சு. "கடல் ஏறினா இறங்கும் அத்தை. ஒரு நாளைக்கு ரெண்டு தடவை இறங்குது. நான் வரேன். நீங்களும் வாங்க"ன்னு சொல்லிட்டு, மறுபடியும் ஆரம்பிச்சுட்டா, "ஹோ ரோ ஹோ... ரிரிரி..."

"நிறுத்துடி பாவி! நல்ல துணியைக் கொலை பண்றியேடி!"ன்னு அத்தை பலகை முன்னாடி தொப்புன்னு உக்காந்தா. முப்பது வருஷம் பாடினவளாச்சே, தாளம் கெட்டா அவ காதுக்குப் பொறுக்குமா? கோவத்துலதான் எடுத்தா. ஆனா எடுத்த எடுப்புல கொட்டகை கூரை அதிர்ந்துது.

"ஹோ ரோ ஹோரி, ரூரி இருக்கான்,
கடலுக்கு அந்தக் கரையில இருக்கான்,
தண்ணி வடிஞ்சா என்னையும் கூட்டிப்போனா
தரேன் அவனை, சரியா கண்ணே?"

தொப் தொப் டம்! தொப் தொப் டம்!

"சரி!"ன்னு வெளியிலேருந்து ஒரு சத்தம். ரூரிதான்! ஆம்பளை பதில் சொல்லக் கூடாதுன்னு எல்லாரும் ஓன்னு கத்தினாங்க. கத்திக்கிட்டே சிரிச்சாங்க. அத்தையும் மூக்கைச் சிந்திக்கிட்டே சிரிச்சா.

அப்புறம் சோரகா பாடினா. அதே கிரீச்சுக் குரல்தான், அது எங்க போகும்?

"ஹோ ரோ ஹோரி, அவனே போதும்,
ஆயுசு முழுக்க அவனே போதும்!"

அந்தத் துணியை அவங்க அடிச்ச அடியில ஒரு சொட்டு மழை உள்ள போகாது. அதைக் கதவைத் திறந்து ரூரி மேல போத்தினது யாருங்கறே? மார்சலி அத்தை. போத்திட்டு, "கடல் ஏறறதுக்குள்ள கிளம்பலாம் வா, உன் வீட்டை நான் பாக்கணும்"னா. சோரகாவையும் கூட்டிக்கிட்டு அன்னிக்கே போயிட்டா! பெருக்கலைன்னு திட்டினா, அடுப்பு புகையுதுன்னு திட்டினா. ரூரி ஒண்ணுக்கும் வாயைத் திறக்கல. சோரகாவைப் பாத்து சிரிச்சுக்கிட்டே நின்னான்.

அவ்வளவுதான். துணி அடிச்சாச்சு, கதையை மடிச்சாச்சு. ம் கூட வேண்டாம், கண்ணை மூடு.