எட்டாக்கரட்டுக்குத் தலைவன் யார்?

எட்டாக்கரட்டில் மொத்தம் பத்தொன்பது வீடு. ஒரு வீட்டுக்கும் அடுத்த வீட்டுக்கும் ஒரு கூப்பிடு தூரம், சிலதுக்கு இரண்டு. நடுவில் பாறையும் கள்ளியும் காய்ந்த புல்லும்தான். ஊர்ச்சபை கிடையாது, நாட்டாமை கிடையாது, தண்டோரா போட ஓர் ஆள்கூடக் கிடையாது. ஆனாலும் ஊற்று சுத்தமாக இருந்தது. பாதையில் முள் கிடக்கவில்லை. யாரும் யார் மண்டையையும் உடைத்ததாகப் பேச்சில்லை.

தலைநகரத்து மந்திரிக்கு இது பொறுக்கவில்லை.

"ஆள்கிறவன் இல்லாமல் ஒரு மேடு தானாக நடக்குமா? எவனோ ஒளிந்திருந்து நடத்துகிறான். போய்க் கண்டுபிடியும்" என்று ஆவுடையப்பரை அனுப்பினார்.

ஆவுடையப்பர் தலைநகர வீதிகளில் முப்பது வருஷம் காவல் பார்த்தவர். வயது ஐம்பத்தெட்டு. சொந்தத் தங்கை வீட்டு விருந்தில்கூடப் பூனைக்கு ஓர் உருண்டை வைத்துப் பார்த்துவிட்டுத்தான் வாயில் வைப்பார். அப்படி ஒரு மனுஷன்.

உத்தரவு இதுதான். இரண்டாவது பௌர்ணமிக்குள் அந்தத் தலைவனின் பெயர் ஓலையில் வந்து சேர வேண்டும். வந்தால் அவனை மட்டும் கட்டி இழுத்துப் போவார்கள். வராவிட்டால் படை வரும். பத்தொன்பது வீட்டையும் பிரித்துப் போட்டுவிட்டு, சனங்களைச் சமவெளிக்கு ஓட்டிப் போய்விடுவார்கள்.

கரட்டின் நடுவில் பாழாய்க் கிடந்த சாவடியில் ஆவுடையப்பர் குடியேறினார். வந்த அன்றே ஒருவர் மேல் கண் விழுந்தது. எதிர்ச் சரிவில் ஒரு குடிசை. அதில் கரட்டுச்சாமி என்று ஒருவர். நாற்பது வயது, மொட்டைத் தலை, வாய் நிறையச் சிரிப்பு. வேலை என்று எதுவும் இருப்பதாகத் தெரியவில்லை. ஆனால் பார்த்தவர்கள் எல்லாம் கும்பிட்டார்கள்.

'வேலையில்லாதவனை ஏன் கும்பிடுகிறார்கள்? இவன்தான்!'

மறுநாளே போய்க் காலில் விழுந்து சீடனாகச் சேர்ந்துவிட்டார். வேவு பார்க்க அதைவிட வசதி வேறு என்ன இருக்கிறது?

"சாமி, எனக்கு ஒரு கேள்வி" என்றார் முதல் நாள். "இந்தக் கரட்டை யார் ஆள்கிறார்கள்?"

"அடுப்பு பத்த வெச்சீங்களா?" என்றார் சாமி.

"வைத்தேன்."

"அப்ப சரி."

சீடனைப் போய் யாராவது நீங்க, வாங்க என்பார்களா? தன்னைவிட மூத்தவன் என்ற மரியாதையா, இல்லை நக்கலா? ஆவுடையப்பர் அதையும் குறித்து வைத்துக்கொண்டார்.

அடுத்த வாரம் மறுபடி கேட்டார். "சாமி, இங்கே சண்டை வந்தால் யாரிடம் போவார்கள்?"

"இன்னைக்கு அடுப்பு பத்த வெச்சீங்களா?"

'அடுப்பு, அடுப்பு! இதில் ஏதோ சங்கேதம் இருக்கிறது.'

அன்றிலிருந்து அவர் புகையைக் கவனிக்கத் தொடங்கினார். காலையில் விடிந்ததும் ஒவ்வொரு வீட்டிலிருந்தும் புகை எழும். உச்சிவேளையில் மறுபடி எழும். சாயங்காலம் ஒரு தடவை. புகை எழுந்ததும் வாசலில் ஓர் ஆள் வந்து நிற்கும், நெற்றியில் கை வைத்து எங்கேயோ பார்க்கும், உள்ளே போய்விடும். எல்லா வீட்டிலும் இதே கூத்து.

ஓலையில் எழுதினார்: வெள்ளைப் புகை, சதி. கறுப்புப் புகை, பெரிய சதி.

சாமியின் குடிசைப் புகையை மட்டும் அவர் ஒருவேளைகூட விடவில்லை. எழுந்தவுடன் முகம் கழுவுவதற்கு முன்னால் அதைத்தான் பார்ப்பார். உச்சிக்கும் சாயங்காலத்துக்கும் சன்னலை விட்டு நகரமாட்டார். மழை பெய்த நாளில் புகை எழத் தாமதமானபோது அவருக்கு இருப்புக் கொள்ளவில்லை. ஆள் தப்பித்துவிட்டானோ என்று நனைந்துகொண்டே வெளியே ஓடிவந்து நின்றார். கொஞ்ச நேரம் கழித்து ஈர விறகின் புகை தடித்து எழுந்தது. அதற்கப்புறம்தான் மூச்சே வந்தது.

இன்னொருத்தி மேலும் அவருக்குச் சந்தேகம் உண்டு. சாவடிக்குக் கீழ்ப்புறத்து வீட்டுச் சடச்சி. ஆடு மேய்க்கிறவள், தனிக்கட்டை. அவள் வாசலில் வந்து நின்றால் நேராகச் சாவடியைத்தான் பார்ப்பாள். ஒரு நாள் தவறாமல் பார்ப்பாள்.

'என்னையே வேவு பார்க்கிறாளே! என்ன நெஞ்சழுத்தம்!'

இரண்டாவது பௌர்ணமிக்கு நாலு நாள் இருந்தது. ஆவுடையப்பரிடம் சாட்சி என்று ஒரு மண்ணும் இல்லை. ஆனால் பெயர் வேண்டுமே. எழுத்தாணியை எடுத்து, 'எட்டாக்கரட்டின் தலைவன் கரட்டுச்சாமி' என்று ஓலையில் எழுதித் தலையணைக்கடியில் வைத்தார். இரண்டு நாள் கழித்துக் காலையில் அஞ்சல்காரன் வருவான், கொடுத்தால் முடிந்தது.

அடுத்த நாள் விடியும்போது அவரால் எழுந்திருக்க முடியவில்லை. உடம்பு அனலாய்க் கொதித்தது. கண்ணைத் திறந்தால் கூரை சுற்றியது. அடுப்பும் பற்றவைக்கவில்லை, ஒன்றும் இல்லை. அப்படியே கிடந்தார்.

கதவு கிரீச்சென்றது. பார்த்தால் சடச்சி! கையில் மூடின சட்டி. நேராக அவர் தலைமாட்டுக்கு வந்து குனிந்தாள்.

தலையணைக்கடியில் ஓலை! எங்கிருந்துதான் அந்தப் பலம் வந்ததோ, ஆவுடையப்பர் துள்ளி எழுந்து அவள் கையைப் பிடித்துவிட்டார்.

"எதைத் தேடி வந்தாய்?"

"ஐயோ, என்னத்தத் தேட? உங்க வீட்டுல புகையக் காணோம்."

"யார் உன்னை அனுப்பியது?"

"யாரு அனுப்பணும்? புகையக் காணோம்னு சொல்றேன்ல!"

"பெயரைச் சொல்!"

"நல்லா இருக்கே கதை! கஞ்சி கொண்டாந்தவளப் போயி…"

அவள் முடிக்கவில்லை. பின்கட்டு அறையில் தள்ளிப் பூட்டிவிட்டார். சாவியை மடியில் செருகிக்கொண்டு சன்னலோரம் சரிந்து உட்கார்ந்தார். கஞ்சிச் சட்டியைத் தொடவில்லை. பூனையும் கிடைக்கவில்லை.

வெயில் உச்சிக்கு ஏறியது. கரட்டில் புகைகள் எழுந்தன. சடச்சி வீட்டில் மட்டும் எழவில்லை. எப்படி எழும்?

கொஞ்ச நேரத்தில் அவளுக்கு அந்தப்பக்கத்து வீட்டிலும் புகை நின்றது. அந்த வீட்டுக் கொம்பையா பெண்டாட்டியோடு வந்து சாவடி வாசலில் நின்றான். சாவகாசமாக ஒரு கல்லில் உட்கார்ந்தான்.

"அய்யா, சடச்சி உள்ள இருக்கா போல. தொறந்து விடுங்க."

"முடியாது. போ."

"அவ வராம எப்படிங்க போறது?" என்றான். போகவில்லை.

அவனுக்கு அந்தப்பக்கத்து வீட்டுப் புகை நின்றது. அங்கேயிருந்து ஒரு குடும்பம் வந்தது, கைக்குழந்தையோடு. அவர்களுக்கு அந்தப்பக்கம் ஒரு புகை நின்றது. அங்கேயிருந்து இரண்டு கிழடுகள் ஒருவரையொருவர் பிடித்துக்கொண்டு வந்தார்கள். ஒவ்வொரு புகையாக நிற்க நிற்க, ஒவ்வொரு வீடாக வந்து சாவடி வாசலில் உட்கார்ந்துகொண்டே இருந்தது. சில பேர் ஆடுகளையும் ஓட்டிக்கொண்டு வந்துவிட்டார்கள்.

ஆவுடையப்பர் முப்பது வருஷத்தில் எத்தனையோ கலகத்தை அடக்கியவர்தான். ஆனால் கத்தாமல், கல்லெறியாமல், வந்து வந்து உட்காருகிற கலகத்தை அவர் பார்த்ததில்லை.

பொழுது சாயும் நேரம். சன்னல் வழியாக எதிர்ச் சரிவைப் பார்த்தார். சாமியின் குடிசைக் கூரைமேல் ஒன்றும் இல்லை.

'கிளம்பிவிட்டான்! தலைவன் கடைசியில்தானே வருவான்!'

நினைத்தபடியே கடைசியாகக் கரட்டுச்சாமி வந்து சேர்ந்தார். வாளை ஊன்றிக்கொண்டு ஆவுடையப்பர் வாசலுக்கு வந்தார்.  

"சொல்லுங்கள், யார் கூட்டியது இந்தக் கூட்டத்தை?"

எல்லாரும் சாமியைப் பார்த்தார்கள். சாமி தனக்கு முன்னால் வந்தவர்களைக் கைகாட்டினார்.

"இவங்க வீட்டுல புகையக் காணோம். என்னமோ ஏதோன்னு வந்தேன்."

அவர்கள் தங்களுக்கு முன்னால் வந்தவர்களைக் காட்ட, அப்படியே கை மாறி மாறிக் கிழட்டுத் தம்பதியிடம் வந்தது. "உங்களை யார் கூட்டியது?" என்று ஆவுடையப்பர் கிழவரைக் கேட்டார்.

கிழவர் கைக்குழந்தைக்காரர்களைக் காட்டினார். "அவுக அடுப்பு அணைஞ்சிருந்துச்சு அய்யா. பாக்கப் போறதுன்னா வீட்டோட போறதுதான் இங்க வழக்கம். சாவோ பிரசவமோ, கை வேண்டியிருக்குமே. காஞ்ச புல்லு பாருங்க, அதனால நெருப்பையும் அணைச்சுட்டுத்தான் கெளம்பணும்."

"ஒருத்தருக்குமா இது முட்டாள்தனம் என்று தெரியவில்லை? ஒருவர் போனால் போதாதா?"

"யாரு வீட்டுல என்னன்னு போய்ப் பாத்தாத்தான தெரியும்?" என்றாள் கிழவி.

கைக்குழந்தைக்காரி கொம்பையாவைக் காட்டினாள். கொம்பையா பூட்டிய கதவைக் காட்டினான்.

"சடச்சி வீட்டுல உச்சி அடுப்பு எரியலீங்க."

ஆவுடையப்பர் சாவியை எடுத்தார். நேராகப் போய்ப் பின்கட்டைத் திறந்தார். முகம் சிவந்து போயிருந்தது.

"சடச்சி! முதலில் கிளம்பியவள் நீ. உன்னை வரச் சொன்னது யார்? இந்தக் கூட்டத்துக்கு முன்னால் சொல்!"

சடச்சி அவரை ஏற இறங்கப் பார்த்தாள்.

"நீங்கதான்" என்றாள். "காலையில உங்க அடுப்பு எரிஞ்சிருந்தா நான் ஏன் வாரேன்?"

சொல்லிவிட்டு அவரை ஒதுக்கிக்கொண்டு போய் அடுப்பு முன்னால் குந்தினாள். "காய்ச்சக்காரன் வெறும் வயித்தோட நின்னு கத்திக்கிட்டு இருக்கான். ஒருத்தருக்கும் தோணலையா?" என்று வாசலில் இருந்தவர்களையும் சேர்த்துத் திட்டினாள். சுள்ளியை ஒடித்து வைத்து ஊதினாள். ஆறிப்போன கஞ்சியை ஏற்றினாள்.

சாவடிக் கூரைமேல் புகை எழுந்தது.

வாசலில் இருந்தவர்கள் அதை அண்ணாந்து பார்த்தார்கள். எழுந்து மண்ணைத் தட்டினார்கள். "சரி, வாங்க, பொழுதாச்சு" என்று ஆட்டை ஓட்டிக்கொண்டு நடையைக் கட்டினார்கள். ஒருவர்கூட அவரை ஒரு வார்த்தை கடிந்து பேசவில்லை. கொஞ்ச நேரத்தில் கொம்பையா வீட்டில் புகை எழுந்தது, அடுத்த வீட்டில் எழுந்தது, அதற்கடுத்த வீட்டில் எழுந்தது. சடச்சியும் சட்டியை இறக்கி வைத்துவிட்டுப் போனாள்.

ஆவுடையப்பர் கஞ்சியைக் குடித்தார். பூனை ஞாபகமே வரவில்லை. குடித்து முடித்தபோது வெட்கத்தில் அவருக்குக் கண் கலங்கிவிட்டது.

சாமி மட்டும் போகாமல் வாசலில் உட்கார்ந்திருந்தார். ஆவுடையப்பர் தலையணைக்கடியிலிருந்து ஓலையை எடுத்து அவர் கையில் கொடுத்தார். மந்திரி சொன்னதையும் ஒன்றுவிடாமல் சொன்னார்.

சாமி ஓலையைப் படித்துவிட்டுச் சிரித்தார். "கையெழுத்து அழகா இருக்கு."

"சாமி, நான் உங்களிடம் சீடனாக வரவில்லை. வேவு பார்க்க வந்தேன்."

"தெரியும். எந்தச் சீடன் இவ்வளவு கேள்வி கேப்பான்?"

"தலைவன் இல்லை என்று எழுதினால் மந்திரி நம்பமாட்டார். படை வந்து கரட்டையே காலி பண்ணிவிடும். விடிந்தால் அஞ்சல்காரன் வருவான். நான் என்ன எழுதட்டும்?"

"எழுதினதே இருக்கட்டும். என்னைக் கொண்டு போகச் சொல்லுங்க."

"ஐயோ, வேண்டாம் சாமி!"

"கீழ ஒரு வரி மட்டும் சேத்துடுங்க. சிறையில இருபது வீட்டுக்கும் அடுப்பு போட இடம் இருக்கான்னு கேட்டு எழுதுங்க."

அது விளங்க ஆவுடையப்பருக்கு ஒரு நிமிஷம் பிடித்தது. அப்புறம் விரல் விட்டு எண்ணினார்.

"கரட்டில் வீடு பத்தொன்பதுதானே, சாமி?"

சாமி எழுந்து துண்டை உதறித் தோளில் போட்டார்.

"முன்னெல்லாம் சடச்சிதான் என் அடுப்பைப் பாத்துக்கிட்டிருந்தா. நீங்க வந்த ரெண்டாம் வாரமே விட்டுட்டா. ஏன்னு கேட்டேன். 'இனி அந்தக் கவலை எனக்கில்ல சாமி, சாவடிக்காரர் பாத்துக்கிறாரு'ன்னா."