மூன்றாம் வேளைச் சோறு

வெகு வெகு காலத்துக்கு முன்னே, பாறைகள்கூட அலுத்துப்போனால் எழுந்து இடம் மாறி உட்கார்ந்த காலத்திலே, மலையடியில் சுனைக்காவல் என்று ஓர் ஊர் இருந்தது. ஒருநாள் காலையில் பார்த்தால் அந்த ஊருக்கு வரும் பாதையையே காணோம். பாதை என்ன கோழிக்குஞ்சா, பருந்து தூக்கிக்கொண்டு போக? ஆனாலும் காணோம். எல்லைக்கு அப்பால் முள்காடு மண்டிக் கிடந்தது.

அந்தப் பாதை வழியாகத்தான் அவர்களின் முன்னோர் மலைமேல் இருந்த தாயூரிலிருந்து இறங்கி வந்தார்கள். பாதை போனதும் தாயூரின் பேர்கூட எல்லோருக்கும் மறந்துபோயிற்று. வெளியே போயிருந்தவர்கள் திரும்பவில்லை. பவளாயியின் புருஷன் இருளப்பன் உப்பு விற்கப் போனவன், அவனும் வரவில்லை. பவளாயி தினமும் முள்காட்டோரம் போய் நிற்பாள், பார்ப்பாள், திரும்புவாள்.

அப்போது ஒரு மந்திரவாதி வந்து சேர்ந்தான். கழுத்தில் மண்டையோட்டு மாலை, தோளில் துணி சுற்றிய நீளமான சுருள்.

"உங்கள் ஊரின் வேர் அறுந்துவிட்டது. வேர் தொடுக்கும் சடங்கு எனக்குத் தெரியும். வீட்டுக்கு ஒரு பிடி வாசல்மண் என் குடத்தில் போடுங்கள். ஆனால் வேரை அறுத்தவர் உங்களுக்குள்ளேதான் இருக்கிறார். அவரைத் துரத்தினால்தான் சடங்கு பலிக்கும்" என்றான்.

அவ்வளவுதான், ஊர் ஒருவரை ஒருவர் ஓரக்கண்ணால் பார்க்க ஆரம்பித்தது. அண்ணன் தம்பியைப் பார்த்தான், மாமியார் மருமகளைப் பார்த்தாள். அடுப்புக்கு நெருப்புக் கேட்டால் கதவைச் சாத்தினார்கள். கடைசியில் எல்லார் கண்ணும் அன்னக்கொடி மேல் போய் நின்றது. அவள் அசலூரில் பிறந்து இங்கே வாழ்க்கைப்பட்டவள், புருஷனையும் இழந்தவள். கேட்க நாதியில்லாத ஆளைத்தானே ஊர் முதலில் சந்தேகப்படும்! அவளை எல்லைக்குத் துரத்தினார்கள். பவளாயியும் தடுக்கவில்லை. இருளப்பன் வந்தால் போதும் என்று பேசாமல் இருந்துவிட்டாள்.

அந்த ஊரில் ஒரு வழக்கம் உண்டு. விருந்தாளி மூன்று வேளை கை நனைக்கும் வரை அவனை ஒரு கேள்வியும் கேட்கக்கூடாது. மூன்று வேளை சாப்பிட்டுவிட்டால் மூன்று கேள்விக்கு அவன் உண்மை சொல்ல வேண்டும், சொல்லாவிட்டால் தின்ற சோறு வயிற்றில் கல்லாகிவிடும். மந்திரவாதி முதல் வேளை பானையை வழித்தான். இரண்டாம் வேளை சட்டியையும் வழித்தான். மூன்றாம் வேளை இலை போட்டதும், "சடங்கு முடியும் வரை விரதம்" என்று எழுந்துவிட்டான்.

பவளாயிக்கு அது முள்ளாய்க் குத்தியது. இப்படித் தின்றவனுக்குத் திடீரென்று என்ன விரதம்?

சடங்கு நாளில் ஊர்ச்சோறு பொங்கியவள் அவள்தான். நெய் மணக்கச் சட்டியைத் தூக்கிக்கொண்டு அவன் எதிரே போனாள்.

"சாமி, உப்புச் சரியான்னு பாருங்க."

"விரதம்."

"ஒரு வாய்தான் சாமி."

"விரதம் என்றேனே."

"அப்ப சரி. இவருக்குச் சடங்குச்சோத்துப் பக்குவமே தெரியாதுன்னு ஊர்ல பேசிக்கிறது நெசந்தான் போல."

"எனக்கா தெரியாது?" என்று ஒரு கவளத்தை அள்ளி வாயில் போட்டான். விழுங்கிய பிறகுதான் முகம் வெளிறியது.

"மூணாவது வேளை கை நனைச்சாச்சு. எந்த ஊரு சாமி?" என்று கேட்டாள் பவளாயி.

மந்திரவாதி பல்லைக் கடித்தான். வயிறு கனத்தது. "எனக்கு ஊரே கிடையாது. அதனால்தான் அடுத்தவர் ஊரைச் சுருட்டுகிறேன்."

"பாதையே இல்லாத ஊருக்கு எப்படி வந்தீங்க?"

"பாதை வழியாகத்தான். நடக்க நடக்கப் பின்னால் சுருட்டிக்கொண்டே வந்து, சில நாள் எல்லையில் ஒளிந்திருந்தேன். தோளில் இருப்பது அதுதான். வாசல்மண் சேர்ந்ததும் வீடுகளையும் சுருட்டியிருப்பேன்."

என் புருஷன் எங்கே என்ற கேள்வி பவளாயியின் நாக்கு நுனியில் நின்றது. கேட்டால் அவன் ஒருவன் இருக்கும் இடம் தெரியும், வர வழி கிடைக்காது. அதை விழுங்கிக்கொண்டு, "வேர் தொடுக்கிற உண்மையான சடங்கு என்ன?" என்றாள்.

"எல்லா வீட்டாரும் பாதையின் விளிம்பைப் பிடித்து விரித்துக்கொண்டே நடக்க வேண்டும். ஒரு வீடு குறைந்தாலும் சுருண்டுகொள்ளும்."

ஊரார் சுருளைப் பிடுங்கி விரித்தார்கள், சுருண்டது. மறுபடி விரித்தார்கள், மறுபடியும் சுருண்டது. எந்த வீடு குறைகிறது என்று எல்லோருக்கும் தெரியும். வாய் திறந்து சொல்லத்தான் வெட்கம்.

பவளாயி எல்லைக்கு ஓடினாள். அன்னக்கொடி ஒரு மரத்தடியில் உட்கார்ந்திருந்தாள்.

"அக்கா, வா. நானும் உன்னைச் சந்தேகப்பட்டேன். தப்பு என்னுதுதான்."

"தொரத்துனப்ப உன் மூஞ்சியைத்தான் பாத்தேன் பவளாயி. நீயாவது ஒரு வார்த்தை சொல்லுவேன்னு" என்றாள் அன்னக்கொடி. அன்னக்கொடி சேலையை உதறிக்கொண்டு எழுந்தாள். "ஊருக்காக வரலை. வெளியில நிக்கிறவங்க வீடு திரும்பணும்னு வாறேன்."

அவள் கை பட்டதும் பாதை விரிந்தது. விரிய விரிய முள்காடு விலகியது, தாயூரின் பேர் ஒவ்வொரு வாயாக வந்தது. மந்திரவாதி ஆள் உயரம், முழ உயரம், விரல் உயரம் என்று சுருங்கி எறும்பாகிவிட்டான். எந்தப் புற்றும் அவனைச் சேர்த்துக்கொள்ளவில்லை.

முள் விலகிய முதல் திருப்பத்திலேயே உப்பு மூட்டைமேல் தாடியும் மீசையுமாக ஒருவன் உட்கார்ந்திருந்தான். இருளப்பன்.

"இங்கயேவா இருந்தே?" என்றாள் பவளாயி.

"நீ மாட்டை அதட்டுறது தினமும் கேக்கும். நானும் தொண்டை கிழியக் கூப்பிடுவேன். உனக்குக் கேக்கலையா?"

பவளாயி அழுதாள். அன்னக்கொடி பாதையின் விளிம்பை இன்னும் விடாமல் பிடித்திருந்தாள். "அழுறதை வீட்ல போய் அழு. இன்னும் நெறையப் பேர் அந்தப் பக்கம் நிக்கிறாங்க, பிடி" என்றாள்.

இருளப்பனும் ஒரு கை கொடுத்தான். அவர்கள் மலையேறிப் போனார்கள், வெளியே போயிருந்தவர் எல்லாம் வீடு வந்தார்கள்; கதை கேட்ட நாமும் நல்லபடியாக வீடு போய்ச் சேர்வோம்.