நாயுருவியின் பிடி

அந்தக் காலத்தில் செடி கொடிகளுக்கெல்லாம் பேச்சு இருந்தது. ஆலமரம் பேசினால் நாலு மலைக்குக் கேட்கும். மூங்கில் சரியான வாயாடி, காற்று நின்றாலும் அதன் பேச்சு நிற்காது. நாயுருவிக்கு மட்டும் குரல் மெலிந்த குரல். குனிந்து காதைக் கொடுத்தால்தான் கேட்கும். முழங்கால் உயரச் செடிக்கு யார் குனிந்து காது கொடுப்பார்கள்? அதன் பூவில் அழகில்லை, காயில் ருசியில்லை. பூக்கதிர் அப்போது மேலே பார்த்தபடி வழவழவென்று இருக்கும், தொட்டால் கையிலிருந்து நழுவிவிடும்.

அந்த மலை முழுவதற்கும் நாயுருவி ஒன்றே ஒன்றுதான் இருந்தது. அது நின்ற இடமும் சரியில்லை. தேன்பாறையின் உச்சியில், விளிம்பை ஒட்டி நின்றது. பக்கத்திலேயே பேரருவி. விதை உதிர்ந்தால் பாறையில் உருண்டு நேராக அருவிக்குள் போய்விடும். எத்தனையோ வருடம் விதைத்தும் அதற்குப் பிள்ளை என்று ஒன்று முளைத்ததில்லை.

மலைக்குக் கீழே தேன் எடுக்கும் குடிகள் இருந்தன. ஒவ்வொரு குடிக்கும் ஒரு பாறை. தேன்பாறை நஞ்சனுடையது. ஒரு வருடம் அதன் பெரிய தேனடையை எடுக்காமல் விட்டால் பாறை அடுத்த குடிக்குப் போய்விடும். நஞ்சனின் மனைவி மாசி எட்டு மாதக் கர்ப்பிணி. மழைக்காலம் முழுக்க அவர்கள் வீட்டில் அடுப்பு எரிவது அந்தத் தேனை நம்பித்தான்.

பாறையில் இறங்குவதற்கு ஒரு முறை உண்டு. தடித்த காட்டுக்கொடியை உச்சி மரத்தில் சுற்றி, மறுமுனையை இறங்குகிறவன் இடுப்பில் கட்டுவார்கள். மேலே நின்று கொடியை விடுகிறவன் பெண்டாட்டியின் அண்ணனாகத்தான் இருக்க வேண்டும். தங்கை தாலியறுக்கும்படி எந்த அண்ணனும் கையைத் தளர்த்த மாட்டான் என்று அப்படி வைத்திருந்தார்கள். நஞ்சனுக்குக் கொடி பிடித்தவன் மாசியின் அண்ணன் பெள்ளன். பாறை நடுவில் வயிறு தள்ளியிருப்பதால் மேலே நிற்பவனுக்குக் கீழே இருப்பவன் தெரியாது. அருவிச் சத்தத்தில் கூப்பாடும் கேட்காது. இறங்குகிறவனுக்கு ஒரு கையில் புகையும் பச்சிலைப் பந்தம், மறு கையில் மூங்கில் கத்தி. அதனால் பேச்செல்லாம் பல்லால்தான். மெல்லிய நார் ஒன்றின் முடிச்சுப் போட்ட முனையை அவன் கடித்துக்கொள்வான். மறுமுனை மேலே நிற்பவன் மணிக்கட்டில் இருக்கும். நார் விறைப்பாக இருந்தால் நிறுத்து என்று பொருள். தொய்ந்தால் இன்னும் இறக்கு. இரண்டு முறை சுண்டினால் மேலே தூக்கு.

பல்தான் உயிர் என்று இருந்த ஆட்கள் பல்லை எப்படி வைத்திருக்க வேண்டும்? ஆனால் அவர்களிடம் ஒரு விதி இருந்தது. தேன் எடுக்கும் ஒன்பது நாளும் வாயைக் கழுவக் கூடாது. மலை கொடுத்த இனிப்பைத் தண்ணீர் விட்டுத் துப்பினால் மலைக்குக் கோபம் வருமாம். அதை ஏற்படுத்தியவர் பொக்கை வாயராக இருந்திருப்பார் என்று நினைக்கிறேன். ஒவ்வொரு அடையிலும் முதல் துண்டை இறங்குகிறவன் தின்பான், தின்ற வாயோடு தூங்குவான், எழுந்து மறுபடி தின்பான்.

நஞ்சனுக்கு ஒவ்வொரு வருடமும் ஈறு வீங்கும், கொஞ்சம் ரத்தம் கசியும், பிறகு அடங்கிவிடும். அந்த வருடம் அடங்கவில்லை. ஆறாம் நாள் முன்பல் இரண்டு ஆட ஆரம்பித்தன. எட்டாம் நாள் பெரிய அடை எங்கே தொங்குகிறது என்று பார்ப்பதற்காக அவன் தேன்பாறை உச்சியில் குப்புறப் படுத்து எட்டிப் பார்த்தான். உதட்டிலிருந்து ஒரு சொட்டு ரத்தம் கீழே ஓர் இலையில் விழுந்தது.

"நஞ்சா, உன் வாயில ரத்தம் வருது" என்று காதருகில் ஒரு குரல் கேட்டது.

"யாரது?"

"உன் கன்னத்துக்குக் கீழதான் நிக்கிறேன். நாயுருவி. போன வருஷமும் இதே இடத்துல சொட்டுச்சு. நான் பாத்துட்டுதான் இருக்கேன்."

"அது வரும், போகும்."

"போகல. உள்ளே ஒளிஞ்சுக்குது. இனிமே என்ன தின்னாலும் உடனே வாயைக் கொப்பளி. காலையில எழுந்ததும் என் பக்கவேர் ஒண்ணைக் கிள்ளி மென்னு, அதாலேயே பல்லைத் தேய். ஈறு இறுகிப்போகும். இதுக்கு ஈறுகாப்புன்னு பேரு."

"மருந்துன்னு சொல்லு."

"மருந்து வேற. வீங்கின அப்புறம் குடுக்கிறது மருந்து. வீங்காம இருக்கறதுக்காகச் செய்யறது காப்பு. நல்லா இருக்கிற வாய்க்குத்தான் அது. நாளைக்கு இடுப்புல கொடியைக் கட்டுவியே, இறங்கறதுக்கு முன்னால கட்டுவியா, விழுந்த பிறகு கட்டுவியா?"

நஞ்சன் சிரித்தான்.

"இன்னும் ஒரே நாள். நாளைக்குப் பெரிய அடையை எடுத்துட்டா வாயைக் கழுவலாம். அதுக்கப்புறம் நீ சொல்றபடி கேக்கறேன்."

"நாளைக்கு நாரை எதால கடிப்பே?"

அவன் எழுந்து மண்ணைத் தட்டிவிட்டுப் போய்விட்டான். நாளைக்கு, நாளைக்கு என்று சொல்லியே நாமும்தானே வாயைக் கெடுத்துக்கொள்கிறோம். அவனை மட்டும் குறை சொல்லி என்ன?

மறுநாள் காலையில் மாசி அவித்த வள்ளிக்கிழங்கை அவனுக்குக் கொடுத்தாள். அவன் ஒரு கடி கடித்து வைத்ததும் எடுத்துப் பார்த்தாள். கடித்த இடம் சிவந்திருந்தது.

"இது என்ன?"

"நார் குத்திடுச்சு."

"வாயைத் திற."

அவன் திறக்கவில்லை. அவளுக்கு அதுவே போதும். வாயில் ரத்தம் உள்ளவனைப் பாறையில் இறக்கக் கூடாது என்பதும் அவர்கள் விதிதான். அந்த விதியை வைத்தவருக்கு மட்டும் கொஞ்சம் புத்தி இருந்திருக்கிறது.

"அண்ணன்கிட்ட சொல்றேன்" என்றாள் மாசி.

"சொன்னா பாறை போயிடும். மழையில என்னத்தைத் தின்போம்? வயித்துல இருக்கறதுக்கு என்ன குடுப்பே? இன்னிக்கு ஒரு நாள்தான், மாசி."

அவள் கிழங்கைக் கையில் வைத்தபடி நின்றாள். பெள்ளன் கொடிச்சுருளைத் தோளில் போட்டுக்கொண்டு வந்து, "போலாமா மாப்ளே?" என்றான். அவள் கிழங்கை முந்தானைக்குள் மறைத்துக்கொண்டாள்.

வெயில் ஏறும்போது நஞ்சன் இறங்கினான். பெள்ளன் ஒரு காலை மரத்தடியில் ஊன்றி, மறு காலை விளிம்புப் பக்கம் வைத்து, கொடியை ஒவ்வொரு முழமாக விட்டான். விளிம்புக் கால் நாயுருவியை உரசிக்கொண்டிருந்தது. பதினைந்து முழம் போனதும் மணிக்கட்டு நார் விறைத்தது. பெள்ளன் நிறுத்தினான்.

கீழே, நஞ்சனின் பாதத்துக்கு ஒரு முழம் கீழாக, கதவகலத்துக்குப் பெரிய அடை தொங்கியது. அதன் மேல் கறுப்பாகத் தேனீ மொய்த்திருந்தது. பந்தத்தைத் தாழ்த்திப் புகையைக் காட்டினான். ஈக்கள் அலையலையாக நகர்ந்தன. இன்னும் ஒரு முழம் இறங்கினால் அவன் கால் ஈக்கூட்டத்துக்குள் போகும். போனால் அவை சும்மா விடாது. பாறைத்தேனீ ஒரு மாட்டையே கொட்டிக் கொன்றுவிடும். அதனால் அவன் நாரைப் பற்களால் அழுத்திப் பிடித்திருந்தான். ஈறு விண்விண்ணென்று தெறித்தது. கண்ணில் நீர் கட்டியது. கழுத்தைக்கூடத் திருப்பாமல் புகை போட்டான்.

திடீரென்று வலி நின்றது.

வலி நின்றால் நிம்மதி வர வேண்டும். நஞ்சனுக்கு வரவில்லை. வாய் நிறைய ரத்தம். நார் கண்ணெதிரே ஆடி, எட்டாத தூரத்துக்குப் போனது.

மேலே நார் தொய்ந்தது. இன்னும் இறக்கு என்று அர்த்தம். பெள்ளன் கொடியை அரை முழம் விட்டான்.

நஞ்சன் கத்தினான். அருவி அதை விழுங்கிவிட்டது. பந்தத்தையும் கத்தியையும் எறிந்துவிட்டுக் கொடியைப் பிடித்து மேலேற முயன்றான். கொடி ஆடியது. புகை போடுகிறவன் ஆடத்தான் ஆடுவான் என்று பெள்ளன் அதைப் பொருட்படுத்தவில்லை. புகை போனதும் ஈக்கள் திரும்பின. முதல் ஈ நஞ்சனின் கணுக்காலில் கொட்டியது.

இதையெல்லாம் விளிம்பிலிருந்து பார்க்க முடிந்தது நாயுருவிக்கு மட்டும்தான். "பெள்ளா, நிறுத்து" என்று அது கத்தியது. தன் ஆயுசிலேயே அவ்வளவு சத்தமாக அது பேசியதில்லை. பெள்ளன் காதில் ஒன்றும் விழவில்லை. அது வளைந்து அவன் வேட்டியில் பூக்கதிரைச் சாய்த்தது. வழவழத்த கதிர் துணியில் நிற்காமல் நழுவியது. மறுபடி சாய்த்தது, மறுபடி நழுவியது. பெள்ளன் அடுத்த அரை முழத்துக்குக் கையை மாற்றினான்.

அப்போதுதான் நாயுருவி எந்தச் செடியும் செய்யாததைச் செய்தது. சூரியனைப் பார்த்து நின்ற தன் பூக்களை ஒவ்வொன்றாகக் கீழ்நோக்கி மடக்கியது. மடக்க மடக்க அவை காய்ந்து இறுகி ஊசிமுனையாயின. இனி அவற்றை நிமிர்த்தவே முடியாது என்று அதற்குத் தெரியும். வலித்தது, ரொம்பவே வலித்தது. அந்தக் கதிரால் வேட்டியைக் கொத்தாகப் பிடித்து இழுத்தது.

"சனியனே" என்று பெள்ளன் காலை உதறினான். விடவில்லை. பலமாக இழுத்தான். துணி கிழிந்தது, பிடி விடவில்லை. எரிச்சலோடு குனிந்து பார்த்தான். அவன் பாதத்தருகே நார் வளையம் வளையமாகக் கிடந்தது.

இவ்வளவு தொய்வு எப்படி வந்தது? பெள்ளன் மணிக்கட்டால் நாரைச் சுண்டி இழுத்தான். எதிர்முனையில் ஆளே இல்லாததுபோல் அது இலேசாக மேலே வந்தது. நுனி விளிம்பைத் தாண்டியபோது அவன் பார்த்தான். நாரின் முடிச்சில் இரண்டு பற்கள் சிக்கியிருந்தன, வேரோடும் ரத்தத்தோடும்.

அவன் எப்படித் தூக்கினான் என்று அவனுக்கே தெரியாது. இரண்டு காலையும் மரத்தில் உதைத்துக்கொண்டு பின்னால் சாய்ந்து இழுத்தான். விளிம்பிலிருந்த காலை அவன் வெடுக்கென்று இழுத்தபோது நாயுருவி வேட்டியை விடாமல் வேரோடு பெயர்ந்து அவனோடு வந்துவிட்டது.

நஞ்சன் மேலே வந்து சேர்ந்தபோது முகம் எது, கழுத்து எது என்று தெரியவில்லை. நாற்பது கொட்டு இருக்கும். மூச்சு இருந்தது. பெள்ளன் அவனைக் கிடத்திவிட்டுக் குழந்தை மாதிரி அழுதான். "ஏன் மாப்ளே சொல்லல? ஏன் என்கிட்ட சொல்லல?"

நஞ்சன் தலையைத் திருப்பினான். காதருகே நாயுருவி கிடந்தது. இலைகள் அதற்குள் சுருண்டிருந்தன.

"பக்கவேர் ஒண்ணைத்தான் கிள்ளச் சொன்னேன்" என்றது அது. "இப்ப மொத்தமும் கிடக்குது. எடுத்துக்கோ. உனக்கு இனிமே இது மருந்து. உன் பிள்ளைக்காவது காப்பா இருக்கட்டும்."

"உன்னை வீட்டு வாசல்ல நட்டு வைக்கிறேன்" என்றான் நஞ்சன். பல் போன வாயில் சொல் குழறியது. அவனுக்கு வெட்கமாக இருந்தது. அதைவிட நன்றி இருந்தது, அதைவிட அழுகை வந்தது. "தாங்குவியா?"

பதில் வரவில்லை. அவன் வெகுநேரம் காதைக் கொடுத்தபடியே கிடந்தான்.

அன்று மாசிதான் விதியை மீறினாள். குடத்துத் தண்ணீரை எடுத்து அவன் வாயைத் தானே கழுவினாள். வேரை இடித்து ஈறில் வைத்தாள். "காலையிலேயே நான் சொல்லியிருக்கணும்" என்று ஒவ்வொரு முறையும் சொன்னாள். மலை கோபித்துக்கொள்ளவில்லை. பெரிய அடையை அடுத்த வாரம் பெள்ளன் இறங்கி எடுத்துவந்தான், நல்ல பற்களோடு. பாறை அவர்களிடமே இருந்தது.

பெள்ளன் தன் வேட்டியில் ஒட்டியிருந்த நாயுருவி விதைகளை உதறிவிட்டு அதை வேலியில் காயப்போட்டான். முதல் மழையில் வேலியோரம் முழுக்க நாயுருவி முளைத்தது. பிறந்த குழந்தை வளர்ந்து பல் முளைத்ததும் மாசி தினமும் காலையில் ஒரு பக்கவேரைக் கிள்ளி அதன் ஈறில் தேய்த்தாள். நஞ்சன் ஒவ்வொரு செடியாகப் போய்க் குனிந்து காதைக் கொடுத்துப் பார்த்தான். ஒன்றும் பேசவில்லை. பேச்சு சொல்லிக்கொடுக்க அவற்றுக்குத் தாய் இல்லை. தாய் கடைசியாகச் செய்தது மட்டும் அந்தப் பிள்ளைகளுக்குத் தெரிந்திருந்தது.

அன்று முதல்தான் நாயுருவி வேலியோரத்தில் பேச்சில்லாமல் நின்று, போகிற வருகிறவர் துணியையெல்லாம் பிடித்துக்கொள்கிறது.